நாற்பதாவது கதவு

செப்டம்பர் 3, புதன்

வெயில். செப்டம்பர் வந்துவிட்டது என்று விருதுநகர் வானத்துக்கு யாராவது எடுத்துச் சொன்னால் தேவலை. காலையில் போட்ட துணி ஒன்பது மணிக்கெல்லாம் அப்பளம்.

வீட்டுக்காரருக்குப் பக்கவாதம் வந்து பத்து வாரம். வலது கை, வலது கால், பேச்சு. கால் கொஞ்சம் திரும்பியிருக்கிறது, சுவரைப் பிடித்து நடக்கிறார். கை இல்லை. பேச்சில் ஒரே ஒரு சொல் மிச்சம். ‘நாளைக்கு.’

தண்ணி வேணுமா? நாளைக்கு. வலிக்குதா? நாளைக்கு. இன்று காலை கோபத்தில், “நான் யாருன்னாவது தெரியுதா?” என்றேன். அதற்கும் நாளைக்குத்தான். தலையை எல்லாவற்றுக்கும் ஒரே மாதிரி ஆட்டுகிறார். சிலருக்கு இப்படி ஒரு சொல் மட்டும் சிக்கிக்கொள்ளுமாம், அதற்கு அர்த்தம் தேட வேண்டாம் என்கிறார் டாக்டர். நல்லது. தேடவும் தெம்பில்லை.

ஷீபா சென்னையிலிருந்து போன். நர்ஸ் வேலையில் இருப்பதால் மகளாகப் பேசுவதே இல்லை, டியூட்டியில் இருக்கிற மாதிரியே பேசுகிறாள். அவளுடைய பழைய டேப்பில், பெரிய போன் மாதிரி இருக்குமே அதில், ஒரு விளையாட்டு ஏற்றிக் கொடுத்திருக்கிறாளாம். “அப்பா பக்கத்துல உக்காந்து ஆடுங்கம்மா. அவங்க பாத்துக்கிட்டு இருந்தாலே போதும்.”

எனக்கு ஐம்பத்திரண்டு வயது. விளையாட்டு.

வாங்க: நல்லெண்ணெய், பி.பி. மாத்திரை, குழாய்க்கு வாசர்.

செப்டம்பர் 5, வெள்ளி

ஆசிரியர் தினம். ஆமத்தூர் பள்ளியில் என் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள் அட்டையில் பூ ஒட்டி, போட்டோ எடுத்து அனுப்பியிருந்தார்கள். பெயரில் ஒரு புள்ளி விட்டுப்போயிருக்கிறது. சிவப்புப் பேனாவைத் தேடியது கை. விடுப்பு இந்த ஞாயிற்றோடு அல்ல, அடுத்த ஞாயிற்றோடு முடிகிறது. பதினைந்தாம் தேதி திங்கள், பள்ளி.

விளையாட்டைத் திறந்து பார்த்தேன். ஒரு பழைய வீடு, நாற்பது கதவு. ஒவ்வொரு கதவிலும் அர்த்தமில்லாத ஆங்கில எழுத்துகள். எல்லா எழுத்தையும் ஒரே அளவு பின்னால் நகர்த்தினால் உண்மையான சொல் வரும். முதல் கதவில் என், ஜே, எம், எல். ஒவ்வொன்றையும் ஒரு எழுத்து பின்னால் நகர்த்தினால் எம், ஐ, எல், கே. பால். கதவு திறந்தது. எனக்குச் சிரிப்பு வந்தது, வெட்கமாகவும் இருந்தது. சில கதவுக்கு ஒன்று, சில கதவுக்கு ஏழு. எத்தனை என்று கண்டுபிடிப்பதுதான் விளையாட்டே.

மனதில் எண்ண முடியவில்லை. பட்டாசுப் பெட்டி அட்டையை வெட்டி இரண்டு பட்டை செய்தேன். இரண்டிலும் ஏ முதல் இசட் வரை. ஒன்றை அப்படியே வைத்து மற்றதை நகர்த்திப் பார்க்க வேண்டியது. பிள்ளைகளுக்கு வாய்பாட்டுக்குச் செய்து கொடுக்கிற மாதிரிதான். பதினொரு கதவு. சோறு குழைந்துவிட்டது.

அவர் பார்த்துக்கொண்டே இருந்தார். படத்தையா பட்டையையா, தெரியவில்லை.

செப்டம்பர் 7, ஞாயிறு

கோவிலுக்குப் போகவில்லை. போனால், “எப்படி இருக்காக?” என்று பதினைந்து பேர் கேட்பார்கள். பதினைந்து பேருக்கும் ஒரே பதில் சொல்ல வேண்டும். நானும் இப்போது அவரைப் போலத்தான், ஒரே சொல்லில் ஓட்டுகிறேன். ‘பரவாயில்ல.’

இன்று ஒன்று நடந்தது. இருபதாவது கதவு, நான் பட்டையை நகர்த்திக்கொண்டிருந்தேன். அவர் இடது கையை நீட்டி முதலில் சன்னல் கம்பியைப் பிடித்தார். விழப் போகிறார் என்று பதறிப் போனேன். விழவில்லை. பிடித்துவிட்டு, கையை எடுத்து, நான்கு விரலைக் காட்டினார். நான்கு எழுத்து நகர்த்திப் பார்த்தேன். சரி.

கம்பி எதற்கு என்று பிறகுதான் உறைத்தது. இருபத்தேழு வருஷம் பட்டாசுக் கம்பெனியில் ஃபோர்மேன். வெடிமருந்து அறைக்குள் போகும் முன் வாசலில் இருக்கும் செப்புத் தகட்டை எல்லாரும் தொட வேண்டும், உடம்பில் இருக்கிற மின்சாரம் மண்ணுக்கு இறங்கிவிடும். தொடாமல் உள்ளே கால் வைத்தவனை அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிவிடுவார். செல்போனைக் கேட்டிலேயே வாங்கி வைக்கிறவர், இப்போது டேப்புக்குப் பக்கத்தில் கை கொண்டு வருவதென்றால் அவருக்கு அது மருந்து அறைதான்.

அதற்கப்புறம் ஒன்பது கதவு. ஐந்துக்கு மேலென்றால் அந்த ஒரு கையையே இரண்டு தடவை விரித்துக் காட்டினார். ஆறில் அவர் காட்டிய விரல் சரி, மூன்றில் தப்பு. ஷீபாவிடம் சொன்னேன். “அம்மா! அப்பாவுக்குப் புரியுதும்மா!” என்று கத்தினாள். குருட்டாம்போக்கில் கூட ஆறு வரலாம் என்றேன். “உங்களுக்கு யாரையும் பாஸ் போட மனசே வராதா?” என்றாள்.

வராது.

செப்டம்பர் 9, செவ்வாய்

வெயில். குழாயில் தண்ணீர் வரவில்லை. முதுகு வலி. அவரைக் குளிப்பாட்டி முடித்து நான் குளிக்கும்போது மணி பன்னிரண்டு. குளிக்கும்போது அழுதேன், காரணம் என்று தனியாக ஒன்றுமில்லை.

மதியம் சாத்தூர் மதினி போன், அவருடைய அக்கா. நல்ல மனுஷி. “நீ ஒத்தையில எம்புட்டுதான் இழுப்ப? பள்ளிக்கூடம் போனா பகல்ல அவனை யாரு பாப்பா? இங்கன கொண்டாந்து விடு. நாங்க அஞ்சு பேரு இருக்கோம், ஒருத்தர் மாத்தி ஒருத்தர் பாத்துக்கிட மாட்டமா?”

யாராவது இப்படிக் கேட்க மாட்டார்களா என்றுதான் பத்து வாரமாகக் காத்திருந்தேன் போல. சரி மதினி என்றேன்.

“அவன் ஏத்துக்கிடுவானா? வீட்ட விட்டு வர மாட்டானே.”

“அவுகளுக்கு ஒண்ணும் தெரியாது மதினி. எங்க இருந்தாலும் ஒண்ணுதான்.”

திங்கள் காலை ஏழு மணிக்கு மதினி மகன் கார் கொண்டு வருகிறான். நான் பேசும்போது அவர் அந்த நாற்காலியில்தான் இருந்தார். டேப்பையே பார்த்துக்கொண்டு.

முப்பத்து மூன்று கதவு முடிந்தது. இப்போதெல்லாம் நான் எழுத்தைப் பார்க்கும் முன்பே விரல் வந்துவிடுகிறது.

செப்டம்பர் 11, வியாழன்

ஷீபாவிடம் சாத்தூர் விஷயத்தைச் சொன்னேன். உடனே, “அப்பாட்ட கேட்டீங்களா?”

“என்னன்னு கேக்க? நாளைக்கும்பாக.”

“கேட்டீங்களாம்மா?”

வைத்துவிட்டேன். அங்கே உட்கார்ந்துகொண்டு கேட்பது சுலபம்.

முப்பத்தொன்பது முடிந்தது. கடைசிக் கதவில் ஏ, ஜே, ஏ, ஆர். பட்டையை இருபத்தைந்து தடவை நகர்த்தினேன். எல்லா அளவும் பார்த்தாயிற்று, ஒரு சொல்லும் வரவில்லை. விளையாட்டே தப்பு என்று நினைக்கிறேன்.

அவர் இடது கையை மூடி முஷ்டியாகக் காட்டினார். பிசியோதெரபி தம்பி சொல்லியிருக்கிறார், கை இப்படி இறுகினால் உடனே விரலைப் பிரித்து எண்ணெய் போட்டு நீவணும் என்று. பிரித்தேன், நீவினேன். விட்டதும் மறுபடி மூடிக்கொண்டார். மறுபடி பிரித்தேன். இப்படி ஐந்து தடவை. முகமெல்லாம் சிவந்து, “நாளைக்கு! நாளைக்கு!” என்று கத்தினார். நானும் கத்தினேன். பக்கத்து வீட்டில் டி.வி. சத்தத்தைக் குறைத்தார்கள்.

எனக்கு நானே மார்க் போட்டால் இன்றைக்கு முப்பத்தைந்து தேறாது.

செப்டம்பர் 13, சனி

மேகம். இடி மட்டும், மழை இல்லை. இடி கேட்டதும் அவர் எழுந்து வாசலுக்குப் போய் நின்றுகொண்டார். கம்பெனியில் அப்படித்தான், இடி இடித்தால் எல்லாரும் வேலையைப் போட்டுவிட்டு வெளியே வந்துவிட வேண்டும். “உள்ள வாங்க, இங்கன ஒண்ணும் வெடிக்காது” என்றேன்.

வர மாட்டேன் என்று நின்றார். அரை மணி நேரம் நானும் கூட நின்றேன்.

எண்ணெய்ப் பாட்டிலை எடுத்து வைக்கும்போது ஒன்று நினைவு வந்தது. இறுகுவது வலது கை. வியாழக்கிழமை அவர் மூடியது இடது கை. நல்ல கை! அதை நான் ஐந்து தடவை பிரித்து எண்ணெய் போட்டிருக்கிறேன்.

செப்டம்பர் 14, ஞாயிறு

காலையிலேயே டேப்பை எடுத்தேன். முஷ்டி. ஒரு விரலும் இல்லை. முன்பு தீர்த்த கதவுகளைத் திரும்பப் பார்த்தேன். முப்பத்தொன்றாம் கதவுக்கு ஒன்பது எழுத்து நகர்த்தல், முப்பத்திரண்டுக்கு எட்டு. இப்படியே குறைந்து முப்பத்தெட்டுக்கு இரண்டு, முப்பத்தொன்பதுக்கு ஒன்று. அடுத்தது என்ன? என் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள் சொல்லிவிடும். பூஜ்யம். நகர்த்தவே வேண்டாம், இருக்கிற சொல்தான் சொல். ஏ, ஜே, ஏ, ஆர் என்று அப்படியே அடித்தேன். கதவு திறந்தது. உள்ளே ஒரு தோட்டம், அவ்வளவுதான்.

அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று ஷீபாவிடம் கேட்டேன். “லேசா திறந்திருக்குன்னு அர்த்தம்மா.”

அவரிடம் காட்டலாம் என்று திரும்பினால் நாற்காலியில் ஆள் இல்லை.

வாசல் பக்கம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். மடியில் போன தீபாவளிக்குக் கம்பெனியில் கொடுத்த பை. வாங்கிப் பிரித்துப் பார்த்தேன். கைலி இரண்டு, ஒற்றைக் கையால் சுருட்டியது. துண்டு. பிரஷ். மாத்திரை டப்பா. அடியில் என் அட்டைப் பட்டை இரண்டும்.

“எங்க கிளம்பிட்டீக?”

“நாளைக்கு,” என்றார். என்னைப் பார்த்தபடியே இடது கையை மூடிக் காட்டினார். முஷ்டி.

நகர்த்தாதே. அப்படியே எடுத்துக்கொள். நாளைக்கு என்றால் நாளைக்கு.

திங்கள், கார், சாத்தூர், எல்லாம் தெரிந்திருக்கிறது. செவ்வாய்க்கிழமையிலிருந்து தெரியும். நான் போனில் சொன்ன கடைசி வாக்கியமும் தெரிந்திருக்கும். பக்கத்திலேயேதான் இருந்தார். அவருக்கு ஒன்றும் தெரியாது என்று நான் ஏன் அவ்வளவு உறுதியாக இருந்தேன் என்பதை இந்த நோட்டில் மட்டுமாவது எழுதிவிடுகிறேன்: அப்படி இருந்தால்தான் அனுப்ப மனசு வரும்.

தரையில் உட்கார்ந்துவிட்டேன். அழுகை நிற்கவில்லை. “மன்னிச்சிருங்க,” என்றேன். நாளைக்கு என்றார், மெதுவாக. இந்தத் தடவை அது வெறும் சிக்கிய சொல்தான்.

பிறகு கேட்டேன். பத்து வாரத்தில் அவரிடம் கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தது இதுதான் முதல் தடவை.

“மதினி வீட்டுக்குப் போறதுன்னா ஒண்ணு. இங்கன என்கூட இருக்கிறதுன்னா ரெண்டு. அவசரமில்ல. யோசிச்சுக் காட்டுங்க.”

யோசித்தார். கையை நீட்டி வாசல் கேட்டின் கம்பியைத் தேடித் தொட்டார். பிடித்தபடி கொஞ்ச நேரம் இருந்தார்.

இரண்டு விரல்.

பகலில் யார் பார்ப்பது, பள்ளியில் என்ன சொல்வது, எதுவும் தெரியவில்லை. “சரி, கைய எறக்குங்க,” என்றேன். இறக்கவில்லை. நான் எழுந்துபோய் மதினிக்குப் போன் போட்டு, அவர் காதுபட, “வண்டி வேண்டாம் மதினி” என்று சொல்லும் வரைக்கும் அந்த இரண்டு விரலையும் அப்படியே வைத்திருந்தார்.