கரிச்சுவரில் ஒரு வெளுப்பு

ஜனவரி 9

கொடுத்துவிட்டார்கள். எழுதி வைத்தால்தான் எனக்கே நம்பிக்கை வரும். அருங்காட்சியகத்துக்குப் பின்னால் பூட்டியே கிடந்த பழைய வீட்டின் சமையலறை இனி என் பொறுப்பு. ‘வீட்டுச் சமையலின் வரலாறு’ – யாரோ அடுக்கியதைத் துடைத்துக்கொண்டே இருந்தவளுக்கு முதல்முறையாகச் சொந்தமாக ஒரு காட்சி.

சாயங்காலம் சாவி வாங்கிப் போய்ப் பார்த்தேன். விறகடுப்பு அப்படியே இருக்கிறது. சுவர் முழுக்கக் கரி. எத்தனை பேர் பசிக்கு எரிந்த அடுப்போ. விரலால் தொட்டதும் மை மாதிரி ஒட்டிக்கொண்டது. கழுவ மனமில்லாமல் அப்படியே பஸ் ஏறினேன். பக்கத்து சீட்டுக்காரர் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தார்.

வீட்டில் சொன்னேன். அம்மா டிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“அடுப்படியைப் போய் டிக்கெட் போட்டுக் காட்டப் போறீங்களா? ஆயுசுல பாதி நான் அதுக்குள்ளதான்டி கெடந்தேன். யாரும் எட்டிப் பார்க்கல.”

அப்பா போன பிறகு அம்மா எங்களோடு வந்துவிட்டாள். வந்த அன்றே, சமையலிலிருந்து தான் ரிட்டயர் ஆகிவிட்டதாக அறிவித்தாள். அதற்குப் பிறகு சமையலறை வாசலைக்கூட மிதிப்பதில்லை. என் கணவருக்கு முன்னறையில்தான் தையல் மிஷின். நாள் முழுக்க வீட்டில் இருக்கிறவர் என்பதால் சமையலும் அவர் கைக்குப் போய்விட்டது. எங்கள் வீட்டில் வரலாறே மாறிவிட்டது என்று ஆபீசில் பெருமையடித்துக்கொள்வேன்.

“நீங்க சாப்பிடுங்க, இதோ வரேன்” என்றார் உள்ளேயிருந்து. கிழங்கு வறுவல் பிரமாதம். இரண்டாம் முறை போட்டுக்கொண்டேன்.

ஜனவரி 20

அங்குலம் அங்குலமாகப் படம் எடுத்தேன், அளவுகோலைப் பக்கத்தில் வைத்து. பின்கதவை ஒட்டி, தரையிலிருந்து கொஞ்சம் மேலே, கரியே இல்லாமல் வெளுப்பாக ஓர் இடம். வழுவழுவென்று இருக்கிறது. பெரிய ஜாடி ஏதாவது சாத்தி வைத்திருப்பார்கள். டைரக்டர் மேடமும் ஜாடிதான் என்றார்.

ஜனவரி 29

கிடங்கில் ஜாடி கிடைத்தது! அந்த இடத்துக்கென்றே செய்த மாதிரி. எனக்குத் தலைகால் புரியவில்லை.

பிப்ரவரி 6

ஐயோ.

கரியைக் காணோம். கதவைத் திறந்தால் சுவர் வெள்ளை வெளேரென்று இருக்கிறது.

வெள்ளையடிப்பவர் வாயெல்லாம் பல்லாக நின்றார். “தெறப்பு விழாவுக்கு முன்னாடி கட்டடம் பூரா வெள்ளையடிக்கச் சொன்னாங்க மேடம். இந்த ரூம்தான் ரொம்ப மோசம். சொரண்டிச் சொரண்டிக் கையே வீங்கிப்போச்சு.”

திட்ட வாயெடுத்தேன். அந்தக் கையைப் பார்த்ததும் மூடிக்கொண்டேன். என்னன்னு சொல்றது? அந்த அழுக்குதான்யா என் கண்காட்சின்னா? ஆபீஸ்ல ஒருத்தருக்குக்கூட தோணலையே. எல்லாம் போச்சு.

பிப்ரவரி 8

கறுப்பு பெயின்ட் அடித்துப் பார்த்தோம். பள்ளிக்கூடக் கரும்பலகை மாதிரி இருக்கிறது. எங்கே வாய்ப்பாடு எழுதச் சொல்வார்களோ என்று பயம் வந்தது. மேடம் சொல்லிவிட்டார்: “ஏப்ரலுக்குள்ள சரியாகலைன்னா இந்த ரூமைப் பூட்டிடலாம். பாத்திரங்களை மட்டும் ஹால்ல வெச்சிக்கலாம்.” கண்ணாடிப் பெட்டிக்குள் நாலு கரண்டி. அதற்காகவா இவ்வளவும்?

பிப்ரவரி 9

பல் தேய்க்கும்போது பளிச்சென்று தோன்றியது. கரி எப்படி வந்தது? சமைத்து வந்தது. அப்படியென்றால் சமைக்க வேண்டியதுதானே!

வாயில் நுரையோடு வந்து கணவரிடம் சொன்னேன். “மொதல்ல துப்பிட்டு வா” என்றார். ஆபீசில் மேடம் என்னைக் கொஞ்ச நேரம் வெறித்துப் பார்த்தார். “தீயணைப்புக் கருவி பக்கத்துலயே இருக்கணும்” என்றார். சரி என்று அர்த்தம். சரி என்றுதானே அர்த்தம்?

பிப்ரவரி 13

பெயின்ட்டைச் சுரண்டிவிட்டு அடுப்பு மூட்டினோம். வெள்ளையடிப்பவர் அவராகவே வந்து நின்றார். “அழிச்சது நான்தானே. நானே கரியாக்கிக் குடுத்துடறேன்.” ஈர விறகு போட்டால்தான் நன்றாகப் புகையும் என்று அவரே கண்டுபிடித்தார். சோறு அடிப்பிடித்தது. பருப்பில் புகை நாற்றம். டிக்கெட் கொடுக்கிறவர், காவலாளி, மேடம் எல்லாரும் இருமிக்கொண்டே தட்டோடு உட்கார்ந்தோம். இத்தனை வருஷமாக ஆளுக்கொரு மூலையில் டப்பாவைத் திறந்து தின்றுகொண்டிருந்த கூட்டம் இது. மேடம் அடிப்பிடித்ததையே இன்னும் கொஞ்சம் கேட்டு வாங்கினார்.

பிப்ரவரி 26

சுவர் டீ நிறத்துக்கு வந்துவிட்டது. தினமும் சமையல், தினமும் சிரிப்பு. என் துணியெல்லாம் புகை வாசம்.

மார்ச் 5

இன்று நடந்ததை உடனே எழுதியாக வேண்டும்.

ஜாடி வைக்கப்போகிற இடம் என்று அந்தப் பழைய படத்தை அம்மாவிடம் காட்டினேன். மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பார்த்தாள்.

“ஜாடியா? உருண்டையா இருக்கற ஜாடி இவ்வளவு அகலத்துக்கா செவுத்துல ஒரசும்? இது முதுகுடி.”

“யாரு முதுகு?”

“சமைச்சவ முதுகு. எல்லாருக்கும் போட்டுட்டு, கடைசியில மிச்சத்தை வழிச்சுக்கிட்டு, காத்து வர்ற எடமாப் பாத்துச் சாஞ்சு உக்காருவா. தெனமும் அதே எடம். அப்புறம் கரி எங்க நிக்கும்?”

படத்தைத் திரும்ப வாங்கிப் பார்த்தேன். அவர் தையல் மிஷினை விட்டு டேப்போடு எழுந்து வந்தார். படத்திலிருந்த அளவுகோலை வைத்துக் கணக்குப் போட்டுவிட்டு, “தோள் அகலம் சரியா வருது அத்தை. எடது பக்கம் கொஞ்சம் எறக்கம். இவங்களுக்குச் சட்டை தைச்சா அதுக்குத் தக்கபடி வெட்டணும்” என்றார்.

ஓர் ஆள்! அடுப்பும் பாத்திரமும் தேடிக்கொண்டிருந்த எனக்கு ஓர் ஆளே கிடைத்துவிட்டாள்.

“நீயும் அப்படித்தான் சாப்பிட்டியாம்மா?”

“பின்ன?” என்று டிவி சத்தத்தைக் கூட்டினாள்.

மார்ச் 9

ஜாடியைக் கிடங்குக்கே அனுப்பிவிட்டேன். அந்த வெளுப்பு திரும்ப விழ இப்போது ஒரு முதுகு வேண்டும். நான் உட்கார்ந்து பார்த்தேன், புகையில் கண்ணைத் திறக்கவே முடியவில்லை. வெள்ளையடிப்பவருக்கு ஆகிருதி அதிகம், கதவே மறைந்துவிட்டது. அம்மாவைக் கேட்டேன்.

“ரிட்டயர் ஆனவளைத் திரும்ப வேலைக்குக் கூப்பிடறியா?”

“நீ சமைக்க வேண்டாம்மா. உக்காந்து சாப்பிட்டாப் போதும்.”

டிவி சத்தத்தைக் குறைத்தாள். அப்புறம், “சூடாப் போடுவாங்களா?” என்றாள்.

மார்ச் 12

அம்மா நல்ல புடவை கட்டிக்கொண்டு வந்தாள், கரியாகும் என்று சொல்லியும் கேட்கவில்லை. பின்கதவு ஓரம் போய், யாரும் காட்டாமலே சரியான இடத்தில் சாய்ந்து உட்கார்ந்தாள். முதல் தட்டு அவளுக்கு. ஆவி பறந்தது. அவசரமாக ஒரு வாய் எடுத்து வைத்துவிட்டு உதட்டை உறிஞ்சினாள்.

“நாக்கு சுட்டுடுச்சு” என்று சிரித்தாள். “இந்த மாதிரி எடத்துல உக்காந்து நாக்கு சுட்டது இதான் மொத தடவை.”

எல்லாரும் சிரித்தார்கள். நான் விறகு எடுக்கிற சாக்கில் வெளியே போய்விட்டேன். எனக்கு அழுகை வந்துவிட்டது.

ஏப்ரல் 3

சுவர் கறுத்துவிட்டது. அம்மா தினமும் வந்து சாய்ந்து சாப்பிட்டதில் வெளுப்பும் விழுந்துவிட்டது, அவள் அளவில். அறையைப் பூட்டுகிற பேச்சே இல்லை. ‘சமைத்தவர் உட்கார்ந்த இடம்’ என்று மட்டும் எழுதினால் போதும் என்கிறார் மேடம்.

ஏப்ரல் 10

திறந்தாயிற்று. என்ன கூட்டம்! கலகலவென்று உள்ளே வருகிறவர்கள் அந்த வெளுப்புக்கு முன்னால் வந்ததும் பேச்சை நிறுத்துகிறார்கள். ஒருவர் தன் மனைவியிடம் மெல்ல ஏதோ கேட்டார். அந்தம்மா குனிந்து அந்த வெளுப்பின் மேல் கையை வைத்தார். அம்மா மட்டும் கதவோரம் நின்று, வருகிறவர் போகிறவரிடமெல்லாம், “அது என் முதுகுதான்” என்று சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஏப்ரல் 11

இன்று லீவு. தண்ணீர் எடுக்க எங்கள் சமையலறைக்குப் போனேன். ஃபிரிட்ஜுக்குப் பக்கத்தில், வெள்ளைச் சுவரில், நின்றால் தோள் படுகிற உயரத்தில் மங்கலாக ஒரு கறை. இங்கே என்ன சாத்தி வைப்போம் என்று யோசித்தேன். ஒன்றும் வைப்பதில்லையே.

மத்தியானம் நானும் அம்மாவும் மேஜையில் உட்கார்ந்தோம். “நீங்க சாப்பிடுங்க, இதோ வரேன்” என்றார்.

என் தட்டை அப்படியே வைத்துவிட்டு உள்ளே போனேன். அவர் ஃபிரிட்ஜ் ஓரம் சாய்ந்து நின்றுகொண்டு, வாணலியில் ஒட்டியிருந்ததை வழித்துத் தின்றுகொண்டிருந்தார். தோள் சரியாக அந்தக் கறையில். ஊர் உலகத்துக்கெல்லாம் படம் எடுத்துக் காட்டினேனே, இது என் கண்ணில் படலையே.

“நகருங்க” என்றேன்.

“ஏன், என்னாச்சு? உப்பு பத்தலையா?”

வாணலியைப் பிடுங்கிக் கீழே வைத்தேன். அவரைக் கையைப் பிடித்து இழுத்துப்போய் மேஜையில் உட்கார வைத்தேன். புதுச் சோறு, அடுப்பிலிருந்து இறக்கிய குழம்பு, முதலில் அவருக்குப் போட்டேன். அவர் ஒன்றும் புரியாமல் அம்மாவைப் பார்த்தார்.

அம்மா தண்ணீர் டம்ளரை அவர் பக்கம் நகர்த்தி வைத்தாள். “ஊதிச் சாப்பிடுங்க மாப்பிள்ளை. பழக்கமில்லாதவங்களுக்கு நாக்கு சுடும்.”