வறுத்த மண்ணும் வறுக்காத மண்ணும்

அக்கா,

இன்று காலை விடுதிச் சமையலறையில் பச்சை மல்லாட்டை, அதாவது உங்கள் புத்தகத்து நிலக்கடலை, வேக வைத்தார்கள். ஈர மண்ணும் உப்பும் கலந்த அந்த வாசனை பள்ளிக்கூட மைதானம் வரைக்கும் வந்தது. அந்த நேரம் பார்த்துத்தான் மேடையில் உங்களுக்கு இரங்கல் சொல்லிக்கொண்டிருந்தார்கள். கரும்பலகையில் ‘ஆப்பிரிக்க நாட்டு அம்மையாருக்கு அஞ்சலி’ என்று எழுதியிருந்தது. உங்கள் பெயரை எப்படி எழுதுவதென்று ஒருவருக்கும் தெரியவில்லை. என்னைக் கேட்டிருந்தால் எழுத்துக் கூட்டிச் சொல்லியிருப்பேன். தற்காலிக ஆசிரியையை யார் கேட்கிறார்கள்? ஐந்தாம் வகுப்பு வரிசைக்குப் பின்னால் நின்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன்.

நீங்கள் போய்விட்ட செய்தி முந்தாநாள்தான் மடத்து சிஸ்டருக்கு ஏரோகிராமில் வந்தது. மூன்று வாரக் காய்ச்சலாம். உங்கள் நாட்டில் விஞ்ஞானத்தில் டாக்டர் பட்டம் வாங்கிய முதல் பெண், வாராவாரம் ரேடியோவில் பிள்ளைகளுக்குப் புழுவையும் பூச்சியையும் பற்றிக் கதை போலச் சொன்னவர், ஒரு காய்ச்சலுக்கா போவது? எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. இதை எழுதும்போதும் அது தணியவில்லை.

இரண்டு நிமிட மௌனம் முடிந்ததும் தலைமையாசிரியை பேசினார். உங்களுக்கு அவரைத் தெரியும், அதே அம்மாதான், அதே மூக்குக் கண்ணாடிதான். “அந்த அம்மையார் இங்கே செய்த சோதனை தோல்வியடைந்தாலும், அவருடைய ஆர்வம் பாராட்டத்தக்கது” என்றார். அதைக் கேட்டதும் நான் செய்த காரியத்தை இந்தக் கடிதத்தில் சொல்லத்தான் போகிறேன். அதற்கு முன்னால் உங்களிடம் ஆறு வருஷமாகச் சொல்லாத ஒன்றைச் சொல்லியாக வேண்டும்.

சீனச் சண்டை முடிந்த மறு வருஷம் நீங்கள் செஞ்சிக்கு வந்தீர்கள். உங்கள் ஊரிலும் இதே மல்லாட்டைப் பயிர்தானாம். சென்னையில் படிப்பு, இங்கே எங்கள் புன்செய்க் காடுகளில் ஆராய்ச்சி. வீடு தேடி ஒரு வாரம் அலைந்தீர்கள். பூட்டிக் கிடந்த வீடுகளில்கூட இடம் காலியில்லை என்றார்கள். கடைத்தெருவில் உங்களுக்குக் ‘கறுப்பி’ என்று பெயர் வைத்தார்கள். வைத்தவர்கள் எல்லாரும் பாலில் குளித்துப் பிறந்தவர்கள் பாருங்கள். கடைசியில் மடத்து சிஸ்டர்கள்தான் பின்கட்டில் ஒரு அறை கொடுத்தார்கள். மடத்தை ஒட்டியிருந்த எங்கள் பள்ளிக்கூடத்தில் சனிக்கிழமைதோறும் விடுதிப் பெண்பிள்ளைகளுக்கு விஞ்ஞானம் சொல்லித் தருகிறேன் என்று நீங்களாகப் போய்க் கேட்டீர்கள். மூன்று மாதம் பார்ப்போம், கண்காட்சி வைத்துக் காட்டுங்கள், கல்வி அதிகாரிக்குப் பிடித்தால் தொடரலாம் என்று நிர்வாகம் சொன்னது.

நிலக்கடலை என்று புத்தகத்தில் படித்துவிட்டு வந்த உங்களுக்கு மல்லாட்டை என்று சொல்லிக்கொடுத்ததே விடுதிப் பிள்ளைகளான நாங்கள்தான். உங்கள் தமிழ் முழுக்க எங்கள் வாயிலிருந்து வந்தது. டாக்டர் பட்டத்துக்குப் படிக்கிறவர் ‘இன்னா’, ‘கீது’ என்றெல்லாம் பேசலாமா என்று தலைமையாசிரியை முகம் சுளித்தார். நீங்கள் உண்மையாகவே புரியாமல், “இன்னா டீச்சர் தப்பு இதுல?” என்று கேட்டீர்கள். நாங்கள் வாயைப் பொத்திக்கொண்டு ஓடினோம்.

பஸ் ஸ்டாண்ட் டீக்கடை நினைவிருக்கிறதா? திருவண்ணாமலை ரோட்டுக் காட்டில் மண் எடுத்துக்கொண்டு நீங்களும் நானும் திரும்பிய அன்று. கடைக்காரர் உங்களை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, உங்களுக்கு உள்ளே இருந்த நல்ல கிளாஸிலும் எனக்கு வெளியே ஆணியில் தொங்கிய கிளாஸிலும் டீ கொடுத்தார். எங்கள் ஜனத்துக்கு அதுதான் கிளாஸ். எனக்கு அது பழக்கம். நீங்கள் இரண்டு கிளாஸையும் மாற்றி மாற்றிப் பார்த்தீர்கள். ஏன் வேறு கிளாஸ் என்று அவரைக் கேட்டீர்கள். அவர் சிரித்தார். மண் மாதிரிகளைக் குறித்து வைத்திருந்த அதே நோட்டில் நீங்கள் அதையும் எழுதிக்கொண்டீர்கள். எழுதி என்ன கண்டுபிடித்தீர்களோ, என்னிடம் சொல்லவில்லை.

ஆனால் தினமும் காலையில் நடந்தது உங்கள் நோட்டில் இருந்திருக்காது. நீங்கள் வருவதற்கு முன்பே அது முடிந்துவிடும். சேரியிலிருந்து வந்த விடுதிப் பிள்ளைகள் பதினாறு பேரைத் தனி வரிசையாக நிறுத்துவார்கள். நகம், குதிகால், காதுமடலின் பின்பக்கம். அழுக்கு இருந்தால் பிரம்பு. ஊர்த் தெருப் பிள்ளைகளின் நகத்தை யாரும் பார்த்ததில்லை. நாங்கள் செங்கல் துண்டால் குதிகாலைத் தேய்ப்போம், தேங்காய் நாரால் விரலைத் தேய்ப்போம், தோல் எரியும்வரை தேய்ப்போம். எது அழுக்கு, எது நம் தோல் என்று எங்களுக்கே தெரியாமல் போயிற்று.

நீங்கள் வைத்த சோதனை சுலபமானது. பன்னிரண்டு சட்டி. ஆறில் காட்டு மண்ணை அப்படியே போட்டோம். மற்ற ஆறுக்கு மண்ணை இரும்புச் சட்டியில் போட்டு வறுத்தோம். கறுப்பி மண்ணை வறுக்கிறாள் என்று வேடிக்கை பார்க்கக் கூட்டமே வந்தது. வறுத்த மண்ணுக்குக் கொதித்து ஆறிய தண்ணீர்தான் ஊற்ற வேண்டும் என்றீர்கள். அந்தப் பொறுப்பு என்னுடையது. இரண்டு மாதம் ஒரு நாள் தவறவில்லை. வறுக்காத மண்ணில் செடி கரும்பச்சையாக வந்தது. வறுத்த மண்ணில் மஞ்சளாக வெளுத்து நின்றது. ஏன் என்று நச்சரித்தோம். பதில் வேரில் இருக்கிறது, கண்காட்சி அன்றைக்கு எல்லாரும் சேர்ந்து பார்க்கலாம் என்று சொல்லிவிட்டீர்கள். நீங்கள் சொல்லி நாங்கள் ஒப்பிக்கக் கூடாதாம், எங்கள் கண்ணே கண்டுபிடிக்க வேண்டுமாம்.

அது உங்கள் தப்பு. இன்றைக்குச் சொல்கிறேன், அது உங்கள் தப்புதான். முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்.

கண்காட்சி அன்று காலை செடிகளைப் பிடுங்கி, மண்ணை அலசி, வாளித் தண்ணீரில் போட்டு வைக்கச் சொல்லியிருந்தீர்கள். முந்தின நாள் தலைமையாசிரியை எங்களை நிறுத்தி, “பெரியவங்க வர்றாங்க. எல்லாம் சுத்தமா இருக்கணும். உங்க லட்சணத்தைக் காட்டிடாதீங்க” என்று சொல்லியிருந்தார். விடிந்ததும் நான் தனியாகப் போய்ப் பிடுங்கினேன். மஞ்சள் செடிகளின் வேர் வழவழவென்று இருந்தது. நல்ல செடிகளின் வேர் முழுக்க குருணை குருணையாக முடிச்சு. காட்டில் நான் பார்க்காததில்லை. பூச்சி முட்டை என்றுதான் அம்மா சொல்லுவாள். அக்காவின் நல்ல செடிக்கு நோய் வந்துவிட்டது, அதிகாரி முன்னால் அக்காவுக்கு அசிங்கமாகிவிடும் என்று நினைத்தேன். உட்கார்ந்து ஒவ்வொரு முடிச்சாக நகத்தால் சுரண்டினேன். நசுங்கினால் உள்ளே ரத்தம் போலச் சிவப்பு. பயந்து இன்னும் வேகமாகச் சுரண்டினேன். பிறகு தேங்காய் நாரால் தேய்த்துக் கழுவினேன். ஆறு செடியின் வேரும் வெள்ளை வெளேரென்று ஆனது. என்னைத் தேய்த்த மாதிரியே தேய்த்திருந்தேன்.

மேஜையில் ஒரு பச்சைச் செடியையும் ஒரு மஞ்சள் செடியையும் நீங்கள் எடுத்துத் தலைகீழாகப் பிடித்தது இன்னும் என் கண்ணில் நிற்கிறது. இரண்டு வேரும் ஒரே மாதிரி. நீங்கள் வாளியிலிருந்து இன்னொன்றை எடுத்தீர்கள், இன்னொன்றை எடுத்தீர்கள். அதிகாரி காத்திருந்தார். நிலக்காரர்கள் நாலைந்து பேர் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றார்கள். மண்ணை வறுத்தால் செடி வாடும் என்று சொல்வதற்கு ஆப்பிரிக்காவிலிருந்து ஆள் வர வேண்டுமா என்று அதிகாரி கேட்டார். எல்லாரும் சிரித்தார்கள். தலைமையாசிரியையும் சிரித்தார்.

நீங்கள் வேரைக் கண்ணருகே கொண்டுபோய்ப் பார்த்தீர்கள். பிறகு எங்கள் வரிசையைப் பார்த்தீர்கள். என் முகத்தை இல்லை, கையை. நகக்கண்ணில் சிவப்பு ஒட்டியிருந்தது, எவ்வளவு கழுவியும் போகவில்லை. நான் கையைப் பாவாடைக்குள் இழுத்துக்கொண்டேன். உங்களுக்குப் புரிந்துவிட்டது என்று எனக்கும் புரிந்துவிட்டது.

“தப்பு என்னுதுதான் சார். நான்தான் சரியா வெக்கல” என்றீர்கள்.

அதற்கும் சிரித்தார்கள், இந்தத் தடவை உங்கள் தமிழுக்காக. அடுத்த திங்கட்கிழமையே உங்கள் சனிக்கிழமை வகுப்பை ரத்து செய்தார்கள். அந்த மாதமே நீங்கள் பெட்டியைக் கட்டிக்கொண்டு சென்னைக்குப் பஸ் ஏறினீர்கள்.

நீங்கள் உண்மையைச் சொல்லியிருந்தால் என்னை விடுதியிலிருந்து துரத்தியிருப்பார்கள். நைனா வந்து என்னை எங்கள் ஊர் அனந்தபுரத்துக்கு அழைத்துப் போயிருப்பார், மறுநாளே யாரோ ஒருவருடைய காட்டில் கூலிக்கு மல்லாட்டை ஆய்ந்துகொண்டு உட்கார்ந்திருப்பேன். அது உங்களுக்குத் தெரிந்திருந்தது. ஒரு பெண்ணின் படிப்புக்காகப் பதினாறு பெண்களின் வகுப்பை விட்டுக் கொடுத்தீர்கள். ஊரே கும்பிட வேண்டிய காரியம்தான். ஆனால் எனக்குக் கோபம் வருகிறது, அக்கா. என்னை ஒரு வார்த்தை கேட்டீர்களா? நீதானா என்று, தனியாகக் கூப்பிட்டாவது? நாலு திட்டு திட்டியிருந்தால் அழுது தீர்த்திருப்பேன். உங்கள் ஊரிலிருந்து மூன்று கடிதம் போட்டீர்கள், மூன்றிலும் நன்றாகப் படிக்கிறாயா என்றுதான் கேட்டிருந்தீர்கள். மண்ணை வறுத்த கதையை ரேடியோவில் சொன்னேன், பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள் என்று எழுதியிருந்தீர்கள். நான் பதில் எழுதுவேன், அந்த இடம் வந்ததும் கிழிப்பேன். நீங்கள் கேட்டிருந்தால் ஒப்புக்கொண்டிருப்பேனா? மாட்டேன். அந்த ஆத்திரத்தையும் உங்கள் மேலேயே காட்டுகிறேன், வேறு யார் மேல் காட்டுவது.

இன்றைக்கு ‘தோல்வியடைந்தாலும்’ என்ற வார்த்தை காதில் விழுந்ததும் என் கால் தானாக நடந்தது. மேடைக்குக் கீழே போய் நின்றேன். என் வேலை தற்காலிகம், வருகிற மாதம் உறுதி செய்ய வேண்டியவர் இந்த அம்மாதான். எல்லாம் தெரிந்துதான் போனேன்.

“சோதனை தோக்கல டீச்சர். வேர்ல இருந்த முடிச்ச நான்தான் சுரண்டினேன். சுத்தமா இருக்கணும்னு நீங்க சொன்னீங்க, சுத்தம் பண்ணிட்டேன்.”

தலைமையாசிரியை கண்ணாடியைக் கழற்றினார். அவருக்குக் கோபம் வந்ததாகத் தெரியவில்லை, குழம்பிப் போயிருந்தார். அப்போதே ஏன் சொல்லவில்லை என்று கேட்டார்.

“சொல்லியிருந்தா என்னை வெச்சிருப்பீங்களா?”

நான் பிள்ளைகள் பக்கம் திரும்பி, வறுத்த மண், வறுக்காத மண், முடிச்சு, உள்ளே இருந்த சிவப்பு எல்லாவற்றையும் சொன்னேன். முடிச்சில் குடியிருக்கும் கண்ணுக்குத் தெரியாத உயிர்தான் செடிக்கு உரம் தருகிறது, மண்ணை வறுத்தால் அது செத்துவிடும் என்று ஆசிரியைப் பயிற்சியில் பின்னால் படித்ததையும் சொன்னேன். உங்கள் பெயரையும் சத்தமாகச் சொன்னேன். கூட்டம் முடிந்ததும் அலுவலகத்துக்கு வா என்று மட்டும் தலைமையாசிரியை சொன்னார்.

பிள்ளைகள் கலைய ஆரம்பித்தபோது ஐந்தாம் வகுப்புப் பெண் ஒருத்தி என் முந்தானையைப் பிடித்து இழுத்தாள். இந்தப் பள்ளிக்கூடத்தில் ஆசிரியை கேட்காமல் ஒரு பிள்ளையும் தானாக வாய் திறந்து நான் பார்த்ததில்லை.

“டீச்சர், வேருக்குள்ள எதுக்கு சிவப்பு?”

எனக்குத் தெரியாது, அக்கா. அன்றைக்கு அந்த மேஜையில் நீங்கள் சொல்லத் தொடங்கியிருந்தால் அதையும் சொல்லியிருப்பீர்கள். அதற்குள் நான் அதைச் சுரண்டி வாய்க்காலில் விட்டுவிட்டேன். அவளிடம் தெரியாது என்றுதான் சொன்னேன். சனிக்கிழமை மடத்துக் கிணற்றடிக்கு வா, மல்லாட்டைச் செடியைப் பிடுங்கிப் பார்த்துக் கண்டுபிடிப்போம் என்றும் சொல்லிவிட்டேன். இன்னும் ஏழெட்டுப் பேரைக் கூட்டி வருவாளாம். வேலை இருந்தாலும் போனாலும் சனிக்கிழமை அவர்கள் வந்து நிற்பார்கள். மூன்று நாளைக்குள் நான் எங்கே போய் யாரைக் கேட்பேன்? அதை மட்டுமாவது சொல்லிவிட்டுப் போயிருக்கக் கூடாதா, அக்கா?