விபூதி பட்ட கனெக்டர்

நேற்று ஊசி போட்டுக்கொள்ளக் கிளினிக்குக்குப் போயிருந்தேன். நர்ஸ் பஞ்சில் ஸ்பிரிட்டை நனைத்து என் கையில் தேய்த்தாள். அந்த வாசனை மூக்கில் ஏறியதும் நீ வந்து பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாய். நீ போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. இன்னும் நீ அடங்கவில்லை, பார்.

எண்பதுகளின் கடைசியில் நம் திருத்தணி டெலிபோன் ஆபீசுக்கு அரக்கோணத்திலிருந்து கண்ணாடி இழைக் கேபிள் வந்தது. அதுவரை நமக்குத் தெரிந்ததெல்லாம் செம்புக் கம்பிதான். இதில் முடி கனத்துக்குக் கண்ணாடி, அதற்குள் வெளிச்சம் ஓடும், அந்த வெளிச்சத்தில் பேச்சு ஓடும் என்றார்கள். மெட்ராசில் பயிற்சி என்றதும் ஆம்பளைகள் பேரை மட்டும் எழுதிக்கொண்டார்கள். நீ நேராக இன்ஜினியர் அறைக்குள் போய், "எங்க ரெண்டு பேரையும் எழுதுங்க சார்" என்றாய். என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை, ராட்சசி! அவரும் எழுதினார். ஆனால் முதல் சோதனையில் வெளிச்சம் அரக்கோணம் போய்ச் சேராவிட்டால் நாம் இருவரும் புகார் கவுண்டருக்கே திரும்ப வேண்டும் என்று சொல்லிவிட்டார்.

பயிற்சி முடிந்து வந்து சாமான் எடுக்கும்போதே தகராறு ஆரம்பித்தது. மலைமேல் போகும் கிளைக்கு இரும்புத் தகடு சுற்றாத மெல்லிசுக் கேபிளே போதும் என்றார் ஸ்டோர்காரர். "மேல கொரங்கு கடிக்குமே, அதுங்ககிட்ட நீங்க சொல்லிட்டு வர்றீங்களா?" என்று கேட்டாய். கேபிளை மெஷினோடு இணைக்கும் கனெக்டரிலும் அழுத்தி மாட்டும் வகை வேண்டாம், திருகி இறுக்கும் வகைதான் வேண்டும் என்று நின்றாய். வெளியே லாரி போனால் நம் கட்டிடமே அதிரும், அழுத்தி மாட்டியது கழன்றுவிடும். கனெக்டருக்குள் இழையின் முனை வந்து நிற்கும் இடத்தை நாம் வாய் என்போம். "வாய் சுத்தமா இருக்கணும், மத்ததெல்லாம் அப்புறம்" என்பாய். அப்படிச் சொன்னவளே செய்த காரியத்தை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது.

சோதனை நாள் வெள்ளிக்கிழமை. விடியலிலேயே படியேறி முருகனைப் பார்த்துவிட்டு விபூதிப் பொட்டலத்தோடு வந்தாய். புது மெஷின், புது வேலை, பூசாமல் ஆரம்பிப்போமா? இழை ஒட்டும் மெஷினுக்கு, பெட்டிக்கு, மூடி கழற்றி வரிசையாக வைத்திருந்த கனெக்டர்களுக்கு என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கீற்று இழுத்தாய். நானும் கன்னத்தில் போட்டுக்கொண்டேன்.

எல்லாம் மாட்டி வெளிச்சத்தை அனுப்பியதும், பழைய செம்பு லைனில் அரக்கோணத்துக் குரல் வந்தது. "வெளிச்சம் வரலீங்க, மீட்டர் அசையவே இல்ல."

பின்னாலிருந்து ஒருவர், "பொம்பளைங்க கையில குடுத்தா இப்டித்தான்" என்றார். இன்ஜினியர் உன்னிடம், "எழுந்திரும்மா, வேற ஆள் பாக்கட்டும்" என்றார்.

நீ ஒரு கனெக்டரைக் கழற்றி உருப்பெருக்கியில் வைத்துப் பார்த்தாய். உன் முகம் செத்துவிட்டது. எனக்கும் விளங்கிவிட்டது. கேபிளில்தான் கோளாறு என்று சொல்லிவிட்டு, சத்தமில்லாமல் துடைத்திருக்கலாம். ஒருத்தருக்கும் தெரிந்திருக்காது. நீயோ நிமிர்ந்து உட்கார்ந்து உரக்கவே சொன்னாய். "வாயில விபூதி போயிருக்குது சார். நான்தான் பூசினேன்."

யாரோ சிரித்தார்கள். "அப்ப எழுந்திரு" என்றார் இன்ஜினியர்.

"மாட்டேன் சார். தப்பு என்னுது, தொடைக்கிற வேலையும் என்னுது. அம்மையார்குப்பத்துல எங்க நைனா, தறியில இழை அறுந்தா முடிச்சி போட்டுகினு மேல நெய்வாரு. தறியை வுட்டு எய்ந்து போவ மாட்டாரு. போன மாசம் உங்க ஆளு லைன மாத்திக் குடுத்து பாதி ஊருக்கு போன் செத்துச்சே, அவரோட நாற்காலிய புடுங்கிட்டீங்களா?"

அம்மாடி! நானும் என் ஸ்டூலை இழுத்து உன் பக்கத்தில் போட்டுக்கொண்டேன். பஞ்சு நார் விடும் என்று தள்ளிவிட்டு, மெல்லிய துணியில் ஸ்பிரிட்டை நனைத்து ஒவ்வொரு வாயாகத் துடைத்தோம். உருப்பெருக்கியில் பார்ப்பது, மூடி போடுவது, அடுத்ததை எடுப்பது. அவர்கள் சுற்றி நின்று பார்த்தார்கள். நம்மைக் கைபிடித்து எழுப்ப ஒருத்தருக்கும் தைரியம் வரவில்லை.

சாயங்காலம் அரக்கோணத்துக்காரர் கத்தினார். "வருதுங்க! நல்லா வருது!" நீ சிரிக்கக்கூட இல்லை. இன்ஜினியரைப் பார்த்து, "அடுத்த பொட்டி எங்க சார்?" என்று கேட்டாய். அதற்குப் பிறகும் நீ விபூதியை விட்டாயா என்ன? கனெக்டர்களுக்கு மூடி போட்டுவிட்டு மெஷினின் முதுகில் பூசினாய்.

உன் சாவு வீட்டில்கூட ஒருத்தி, "அடங்காப்பிடாரி, ஆனா நல்லவ" என்று மூக்கைச் சிந்தினாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அதென்ன "ஆனா"? நீ அடங்கியிருந்தால் நாம் இருவரும் புகார் கவுண்டரிலேயே ரிட்டையர் ஆகியிருப்போம்.

நேற்று நர்ஸ் என் கையில் ஸ்பிரிட் தேய்த்து முடிக்கும்போது, வெள்ளை வேட்டியில் ஒருவர் இரண்டு ஆட்களோடு உள்ளே வந்தார். "பாட்டி, கொஞ்சம் எழுந்திரிங்க. சாரை அனுப்பிட்டு வந்துடறேன்" என்றாள் நர்ஸ். கையில் ஸ்பிரிட் இன்னும் காயவில்லை. சில்லென்று இருந்தது.

"மாட்டேம்மா. இது என் முறை" என்றேன். அவர் முறைத்தார். நானும் முறைத்தேன்.

ஊசி போட்ட பிறகுதான் எழுந்தேன்.