ஜூன் ஒன்று, ஐப்பசிச் சதயம்

ஐப்பசி 3, திங்கள்

காலையிலிருந்து தூறல். துணி எதுவும் காயவில்லை.

காரைக்கால் டவுனிலிருந்து பேப்பருக்குச் செய்தி எழுதுகிற தம்பி ஒருத்தர் வந்தார். பேரப்பிள்ளைகளைப் பற்றிக் கேட்டார், ஒன்று விடாமல் சொன்னேன். பெரிய பேரன் குமார், கரண்டு ஆபீசில் இன்ஜினியர். சின்னப் பேத்தி ரேவதி, பார்மசி, காலேஜிலேயே முதல். நடுவுள்ளவள் கயல். ஒன்பது வயதில் என் மகனோடு பிரான்சு போனவள், அங்கே வக்கீலாகி, இப்போது அந்த நாட்டுப் பார்லிமெண்டுக்கே எம்.பி. எங்கள் ஊர் விழிதியூர்ப் பிள்ளை!

"சின்னதுலயே கெட்டிக்காரிங்களா?"

"கேக்கணுமா? அஞ்சு வயசு ஆகலன்னு பள்ளிக்கூடத்துல சேக்க மாட்டேன்னாங்க. நாந்தான் ஜூன் ஒண்ணாந்தேதி பொறந்தவன்னு எழுத வச்சேன். நெசத்துல ஐப்பசிச் சதயம். அப்படியும் அவதான் வகுப்புல ஃபர்ஸ்ட்டு."

சிரித்துக்கொண்டே எழுதிக்கொண்டார். சுவரிலிருந்த அவள் படத்தையும் வாங்கிக்கொண்டார், காப்பி எடுத்துத் தருவாராம்.

ஐப்பசி 9, ஞாயிறு

பேப்பரில் வந்துவிட்டது. குமார் இரண்டு தடவை படித்துக் காட்டினான். எதிர்வீட்டு சரோஜா: "எம்.பி. அப்பாயி, இனிமே எங்களோடல்லாம் பேசுவீங்களா?" பேச மாட்டேன் என்றேன். ஒரே சிரிப்பு.

கால் வலி. தைலம் தீர்ந்துவிட்டது.

ஐப்பசி 14, வெள்ளி

மகன் போன். கயலுக்கு ஆகாத கட்சிக்காரர்கள் இந்தச் செய்தியை எடுத்து அங்கே போட்டுவிட்டார்களாம். பொய்த் தேதி காட்டிக் குடியுரிமை வாங்கியவள், பதவியை விட்டு இறங்கு என்கிறார்களாம். பாஸ்போர்ட் முதல் எல்லாக் காகிதத்திலும் பள்ளிக்கூடத்துத் தேதிதான்.

"ஏம்மா, அத யாரு கேட்டா உங்கள?"

"நம்மூர்ல பாதிப் பேருக்கு ஜூன் மாசந்தானடா பொறந்தநாளு?"

"அத இங்க யாருகிட்டம்மா சொல்றது?"

தப்பு என்னுது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருகிறேன் என்றேன். ஐந்தாவது படித்தவள், கைநாட்டு இல்லை. வேணாம்மா, இனிமே வாயத் தொறக்காதீங்க என்றான்.

அப்புறம் கயல் போனில் வந்தாள். "சாப்டீங்களா அப்பாயி?" அவ்வளவுதான். திட்டியிருக்கலாம்.

ஐப்பசி 19, புதன்

விடாத மழை. அங்கே கயல்மேல் விசாரணை வைக்கிறார்களாம். பேப்பர்காரத் தம்பி போனை எடுப்பதில்லை. படமும் வரவில்லை.

சரோஜா வந்தாள். கதவைத் திறக்கவில்லை.

ஐப்பசி 22, சனி. சதயம்.

வருடா வருடம் அவள் பேருக்கு அர்ச்சனை. கோயிலுக்குப் போனேன். குருக்கள், "பேரு, நட்சத்திரம் சொல்லுங்கோ" என்றார். பக்கத்தில் நாலு பேர்.

"சாமி பேருக்கே பண்ணிடுங்க."

"இன்னிக்கி சதயமாச்சே, உங்க பேத்திக்கு..."

தட்டை மட்டும் நீட்டினேன்.

வீட்டில் சுவரில் ஆணி மட்டும் நிற்கிறது. மகனுக்குப் போன் போட்டேன். விசாரணை என்னாச்சு என்று கேட்கவில்லை. பயம். அவளைப் புதுசா ஒரு படம் எடுக்கச் சொல்லு, போனில் வேண்டாம், போஸ்டில் போடு என்றேன். படத்தின் பின்னால் தேதி எதுவும் எழுத வேண்டாம்.