யார் பெயரில் வீடு

உக்குவளை
12.02.1998

அன்புள்ள கொறற்றிக்கு,

நானும் பிள்ளை மார்ஜரியும் சுகம். குவைத்தில் நீயும் அப்படியே இருக்க மாதாவை மன்றாடுகிறோம்.

நம்ம தோட்டத்துக்கு அபிவிருத்தி வந்துவிட்டது. இரண்டு ஜீப்பில் வந்தது. லயத்து வரிசைக் காம்பிராவை விட்டுவிட்டு, குடும்பத்துக்கு ஏழு பேர்ச்சஸ் காணி, தனி வீடு என்றார்கள். ஏழு பேர்ச்சஸ் எவ்வளவு என்று காட்ட என்னை நடக்கவிட்டார்கள். வெற்றிலையை மென்று துப்புவதற்குள் காணி முடிந்துவிட்டது. வீட்டுக்கு வீடு தனிக் கக்கூசும் உண்டாம். "அப்ப காலையில நான் யாரோட சண்ட போடுறது?" என்று பக்கத்துக் காம்பிரா நல்லம்மா அக்காவுக்கு ஒரே கவலை.

அடுத்த கிழமை பெயர் பதிவு. என்னை வேலைக் குழுவுக்குச் செயலாளராகப் போட்டிருக்கிறார்கள். வேலை செய்யத் தெரியாதவனுக்கு வேறு என்ன கொடுப்பார்கள்?

உன் ஒஸ்வல்ட்

குவைத்
27.02.1998

மார்ஜரி அப்பாவுக்கு,

கடிதம் கிடைத்தது. சிரித்த சத்தத்துக்கு இந்த வீட்டு மேடம் வந்து எட்டிப் பார்த்தார்.

பெயர் பதிவு என்று எழுதியிருந்தீர்கள். யார் பெயர்? இருபது வருஷம் றப்பர் பால் வெட்டினேன். சம்பள நாளில் என் பெயரைக் கூப்பிடுவார்கள், நீங்கள் போய்க் கையெழுத்து வைத்து வாங்குவீர்கள். எல்லா வீட்டிலும் அப்படித்தான். ஆனால் ஏர்போட்டில் வைத்து, வீடு என்று ஒன்று கிடைத்தால் உன் பெயரில்தான் என்றீர்கள். ஜூனில் ஒப்பந்தம் முடிகிறது. வருவதா, இன்னும் இரண்டு வருஷம் நிற்பதா என்று அதைப் பார்த்துத்தான் முடிவெடுப்பேன்.

கொறற்றி

உக்குவளை
15.03.1998

அன்புள்ள கொறற்றிக்கு,

அத்திவாரம் போட்டாயிற்று. பெரியவர் ஒருவர் வந்து முதல் கல் வைத்தார். மாலை போடப் போன நான் சறுக்கி, மாலையோடு குழிக்குள். சிமெந்துக் கையோடு மாத்தளைக்குப் போனதில் செக்பொயின்றில் அரை மணி நேரம் நிறுத்திவிட்டார்கள். ஆமிக்காரன் ஐடென்டிட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். கூரைத் தகடும் வந்துவிட்டது. மார்ஜரிக்கு மேசை போட இடம் பார்த்தாயிற்று. வேறு விசேஷம் இல்லை.

உன் ஒஸ்வல்ட்

குவைத்
30.03.1998

மார்ஜரி அப்பாவுக்கு,

யார் பெயரில்?

கொறற்றி

உக்குவளை
16.04.1998

கொறற்றி,

உன் பெயரைத்தான் கொடுத்தேன். மாதா சத்தியம். பதிவு நாளில் உத்தியோகத்தர் "மரிய கொறற்றி" என்று கூப்பிட்டார். இருபது வருஷப் பழக்கம், கால் தானாக மேசைக்குப் போய்விட்டது. பேனை நீட்டினார், கையெழுத்து வைத்தேன். "அப்ப ஒங்க பேருலதானே?" என்று உன் பெயரை வெட்டி என் பெயரை எழுதினார். எப்போதும் திறந்திருக்கிற வாய் எனக்கு. அன்றைக்கு மட்டும் திறக்கவில்லை. உள்ளுக்குள் சந்தோஷமாகக்கூட இருந்தது. அதையும் எழுதிவிடுகிறேன்.

நேற்றுப் போய் பெயரை மாற்றித் தரக் கேட்டேன். பின்னால் நின்றவர்கள், "என்னா ஒஸ்வல்டு, இந்த வயசுல வீட்டோட மாப்பிள்ளையா?" என்று சிரித்தார்கள். நானும் சேர்ந்து சிரித்தேன். ஆனால் படிவத்தை வாங்காமல் நகரவில்லை. இதோடு இருக்கிறது. பென்சிலால் கோடு போட்ட இடத்தில் நீ கையெழுத்து வைக்க வேண்டும். "நானே வச்சிரட்டா சேர்?" என்று வாய் தவறிக் கேட்டும்விட்டேன். "போய்யா!" என்றார்.

எப்போது வருகிறாய்? தேதி எழுது.

ஒஸ்வல்ட்

குவைத்
03.05.1998

மார்ஜரி அப்பாவுக்கு,

கையெழுத்து வைத்து அனுப்பியிருக்கிறேன். முதலில் வேறு தாளில் நாலு தரம் எழுதிப் பார்த்தேன்.

என்னைக் கேட்காமல் சுவருக்குப் பெயின்ட் அடிக்க வேண்டாம். மார்ஜரியின் மேசை ஜன்னல் பக்கம் இருக்கட்டும்.

தேதி கேட்டிருந்தீர்கள். என் வீட்டுக்கு நான் வருவதற்கு யாரிடம் தேதி சொல்ல வேண்டும்? அதுவரைக்கும் நீங்கள் அங்கே இருந்துகொள்ளலாம்.

மரிய கொறற்றி