மூணாம் ஓலை

சேசு மரி சூசை துணை
ராயபுரம், 14-7-69

மகன் அருள்நாதனுக்கு அம்மா எழுதறது. மாதா புண்ணியத்துல நானும் உங்க நைனாவும் உயிரோட கீறோம், அது உனக்கு மறந்துபோச்சோன்னு முதல்லயே எழுதிட்டேன். நீ சுகமாத்தான் இருப்பே. அது நேத்து கோயில்லயே தெரிஞ்சுபோச்சு.

பிரசங்கம் முடிஞ்சு சாமியார், கண்ணாலத்துக்கு முன்னாடி மூணு ஞாயித்துக்கிழமை வாசிக்கற கல்யாண ஓலையை வாசிச்சாரு. இந்தப் பங்கைச் சேர்ந்த லூயிஸ், வியாகுலம்மாள் இவர்களின் குமாரன் அருள்நாதனுக்கும் பம்பாயைச் சேர்ந்த ஃப்ளோராவுக்கும் முதலாம் ஓலைன்னாரு. நான் இன்னா பண்ணேன் தெரியுமா, பக்கத்து வூட்டு சிலுவையம்மாவை இடிச்சு, பாருடி, என் பேருல இன்னொருத்தி கீறா, அவ புருசனும் லூயிஸாம்னு சிரிச்சேன். அவ சிரிக்கல. அப்புறம்தான் எனக்கு உறைச்சுது. லத்தீன் பூசை தமிழுக்கு மாறினப்ப சந்தோசப்பட்டவ நான், அந்த ஓலையை மட்டும் லத்தீன்ல வாசிச்சிருக்கக் கூடாதான்னு இருந்துச்சு.

ஞானஸ்நான சர்டிபிகேட் கேட்டு சாமியாருக்கு எழுதத் தெரிஞ்சுது துரைக்கு, பெத்தவளுக்கு எழுத மசி தீர்ந்துபோச்சா? சீட்டு மட்டும் கமுக்கமா தபால்ல வந்துடும்னு நெனைச்சியா? மாப்ளை ஊரு, பொண்ணு ஊரு, ரெண்டு பங்குக் கோயில்லயும் ஓலை வாசிக்கணும்டா பேமானி. உன் முப்பாட்டன் படகுல கல்லு ஏத்தியாந்து கட்டின கோயிலு அது. நம்ம சனத்தோட பொறப்பு, சாவு, கண்ணாலம் எல்லாம் அந்தப் புஸ்தகத்துலதான் ஏறணும். கோயிலை ஏமாத்த முடியல உன்னால, அம்மாவை ஏமாத்தறது சுளுவு.

பூசை விட்டதும் வாசல்ல பொம்பளைங்க அத்தினி பேரும் சூழ்ந்துகினு பொண்ணு எப்படின்னாளுங்க. தெரியாதுன்னா ஊரு சிரிக்காதா? நான் பார்த்து முடிச்ச பொண்ணுதான், மாநிறம், மீன் கொழம்பு நல்லா வைக்கும், தமிழ் பேசும்னு சொல்லிட்டேன். கோயில் வாசல்ல நின்னுகினு பொய்யி! இந்தப் பாவத்தை சாமியார்கிட்ட சொல்ல சனிக்கிழமை பாவசங்கீர்த்தனத்துக்கு உன்னாலதான் போவணும். ஆத்தாளும் புள்ளையும் சேர்ந்து மறைச்சீங்கன்னு உங்க நைனா என்னோட பேசறதில்ல, சோறு மட்டும் துன்றாரு. நெசமா கேக்கறேன், அந்தப் பொண்ணுக்குத் தமிழ் தெரியுமாடா? அவ மேல எனக்கு ஒரு கோவமும் இல்ல.

பம்பாய்ல மழை கொட்டுதாம், தலையை நனைக்காதே. மாப்ளை மூக்கை உறிஞ்சிகினு பீடத்துல நிக்கக் கூடாது. சேசுநாதர் உன்னை ஆசீர்வதிப்பாரு. நான் யோசிச்சிகினு கீறேன்.

27-ந் தேதி மூணாம் ஓலை. இந்தக் கண்ணாலத்துக்கு விக்கினம் ஏதாச்சும் தெரிஞ்சவங்க சொல்லணும்னு சாமியார் ஒவ்வொரு தபாவும் கேக்கறாரு. அதுக்குள்ள உன் கையால கடுதாசி வரலன்னா நான் எழுந்து நின்னு சொல்லுவேன், மாப்ளையோட அம்மா உயிரோட கீறா, அவளை யாரும் கூப்பிடலன்னு.

இப்படிக்கு,
ஓலையில் பேர் வந்த
வியாகுலம்மாள்