அத்தர் மணத்த பாதம்

இன்று முத்தியால்பேட்டையில் ஒரு கல்யாண வீட்டில் என் புறங்கையில் ரோஜா அத்தர் தடவினார்கள். முகர்ந்ததும் உன் ஞாபகம் வந்துவிட்டது, மச்சான். நீயோ மூக்குச் செத்தவன். நீ வேலை பார்த்த சாயப்பட்டறைக் காரம் அதைத் தின்று பல வருஷம் ஆகியிருந்தது.

நெல்லித்தோப்புக் குருசடிச் சிறுகோயிலில், சிலுவையில் தொங்கும் பாடுபட்ட சுரூபத்தின் பாதம் ரோஜாவாய் மணக்கிறதென்று ஊரே திரண்டதே, அப்போது நானும் வந்து முகர்ந்தேன். மணந்தது. மணந்த உடனே சந்தேகம் பிடித்துக்கொண்டது. சுரூபத்தைவிட உன்மேல்தான் அதிகம். வாசனையே தெரியாதவன் எல்லாருக்கும் முன்னால் கண்ணை மூடி முழந்தாளிட்டிருந்தாய்.

"உனக்குத்தான் ஒண்ணும் தெரியாதே, எதுக்குடா இந்த வேஷம்?" என்று காதருகே கேட்டேன்.

"ஆண்டவரு என்ன மூக்குலயா இருக்காரு? நகரு, பின்னாடி ஆளுங்க நிக்கிறாங்க."

நான் விடவில்லை. விடியுமுன் போய் வேலியோரம் நின்று பார்த்தேன். ஒரு விதவை அத்தர் நனைத்த துணியால் அந்தப் பாதத்தைத் துடைத்துக்கொண்டிருந்தாள். மதலேன் மரியாளைப்போல ஆண்டவர் பாதத்துக்குப் பரிமளம் பூசுவதாக நேர்ந்திருந்தாளாம். யாருக்கும் தெரியாமல் செய்யவேண்டும் என்பதும் நேர்ச்சை. புதுமையும் இல்லை, அற்புதமும் இல்லையென்று ஊருக்குப் போட்டு உடைத்தேன். சில நாளில் குருசடி வெறிச்சோடியது. நீயும் வராமல் நின்றுவிடுவாய் என்று காத்திருந்தேன். நீ வழக்கம்போல வந்தாய்.

"இப்பத்தான் முட்டி போட எடம் கெடைக்குது" என்றாய். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என்றைக்காவது அகப்படாமலா போவாய் என்று பார்த்துக்கொண்டே இருந்தேன்.

நெஞ்சுச்சளி முற்றி நீ கிடந்த அன்று, வெள்ளைக்காரச் சாமியார் ஆண்டவரின் உடல் என்று நற்கருணை அப்பத்தை உன் நாக்கில் வைத்துவிட்டுப் போனார். சாகக் கிடப்பவன் பொய் சொல்லமாட்டான் என்று, வெட்கத்தை விட்டுக் குனிந்து கேட்டேன்.

"நெசமாச் சொல்லு. நாக்குக்கு என்ன தெரியுது?"

"கோதுமை மாவுதான் தெரியுது" என்றாய். கொஞ்சநேரம் மூச்சு வாங்கினாய். "வந்திருக்கறது அவருதான், மச்சான்."

இவ்வளவு காலம் உளவு பார்த்தும் உன்னைப் பிடிக்க முடியவில்லை. கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

என் மூக்கு இன்னும் திருந்தவில்லை. பெரிய வெள்ளிக்கிழமை சிலுவையை உதடு பதித்து முத்தி செய்யக் குனிந்தால் முதலில் முகர்ந்துதான் பார்க்கிறேன். பழைய மரமும் ஊரார் எச்சிலும்தான் மணக்கின்றன. முன்பெல்லாம் அதோடு எழுந்து வந்துவிடுவேன். இப்போது முழந்தாளிலேயே இருக்கிறேன். பின்னால் நிற்பவர்கள் நகரச் சொல்கிறார்கள். எனக்கு எழ மனம் வருவதில்லை.